கதவைத் தட்டுமுன்

ஆடிக் கிருத்திகை நாளில் திருத்தணியைக் கண்டவர்களுக்கு அக்காட்சி மறவாது. காவடிகளின் வரிசை மலையடிவாரத்தையும் கடந்து நீளும். 365 படிகளிலும் மனிதத் தலைகளன்றி வேறொன்றும் தென்படாது. அந்தப் பேரிரைச்சலுக்கு நடுவே ஒலிபெருக்கியில் ஒரு குரல் மட்டும் இடையறாது கேட்டுக்கொண்டேயிருக்கும். நீலச் சட்டை அணிந்த ஐந்து வயதுச் சிறுவன் ஒருவன் தனியே நிற்கிறான்; தன் பெயரைச் சொல்கிறான், தந்தையின் பெயரைச் சொல்கிறான், ஊரைச் சொல்லத் தெரியவில்லை; பெற்றோர் உடனே காவல் உதவி மையத்துக்கு வரவேண்டும் என்று அக்குரல் திரும்பத் திரும்ப அறிவிக்கும்.

அக்குரல் நம் பங்கு இல்லத்தின் சாளரம் வரை வந்து சேரும். அதைக் கேட்கும்போதெல்லாம் ஒன்றை நாம் எண்ணிக்கொள்வதுண்டு. 'இதோ நான்தான் தந்தை' என்று முதலில் ஓடி வருபவரிடம் குழந்தையை யாரும் தூக்கிக் கொடுத்துவிடுவதில்லை. காவலர் குனிந்து, "தம்பி, இவர் யாரு?" என்று குழந்தையிடம் கேட்கிறார். குழந்தை தாவிச் செல்கிறதா, பின்வாங்குகிறதா என்று பார்க்கிறார். அதன் பின்னரே கையை விடுகிறார்.

தேடுகிறவருக்கு ஓர் உரிமை உண்டு. தேடப்படுகிறவருக்கும் ஓர் உரிமை உண்டு. திருவிழாக் கூட்டத்தில் ஒரு காவலருக்கு இயல்பாகவே தெரிந்திருக்கும் இந்த உண்மையைக் கைப்பேசியைக் கையில் எடுத்தவுடன் நாம் மறந்துவிடுகிறோமோ என்னும் ஐயமே இக்கட்டுரையை எழுதத் தூண்டியது.

ஓர் அம்மாவின் மஞ்சள் பை

சென்ற ஆண்டு ஒரு மாலை, நம் பங்கைச் சேர்ந்த மூதாட்டி ஒருவர் மஞ்சள் பையொன்றுடன் வந்தார். கல்லூரியில் படிக்கும் பேரனும் உடன் வந்திருந்தான். நெசவுக் குடும்பம். (அவர்களது இசைவைப் பெற்று, அடையாளங்களை மறைத்தே இதனை எழுதுகிறோம்.) பைக்குள் மடிப்புகளில் கிழியத் தொடங்கிய பத்திரம் ஒன்று இருந்தது. 1957ஆம் ஆண்டில் அவருடைய தந்தை வாங்கிய மனைக்கும் சிறு புன்செய்க்கும் உரியது அது. எழுத்து தெலுங்கு.

பட்டா இன்னும் தந்தையின் பெயரிலேயே இருக்கிறது. அதை மாற்றினால்தான் மகன் விசைத்தறிக்குக் கடன் பெற முடியும். மாற்ற வேண்டுமெனில் வாரிசுச் சான்றிதழ் வேண்டும். வாரிசுகள் இருவர்: இந்த அம்மாவும் அவருடைய தம்பியும். 1925ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டப்படி, உயில் எழுதாது இறந்த கிறிஸ்தவரின் பிள்ளைகளுக்குள் மகன், மகள் என்ற வேற்றுமை இல்லை. துணைவியாரும் மறைந்த நிலையில் இருவருக்கும் சமபங்கு. ஆனால் அந்தத் தம்பியோ 1984ஆம் ஆண்டில் தறிகளைப் பிரிப்பதில் எழுந்த சச்சரவில் வீட்டைவிட்டுப் போனவர். அதன்பின் திரும்பவேயில்லை. நகரிப் பக்கம் இருப்பதாகச் சிலரும், சூரத்துக்குப் போய்விட்டதாகச் சிலரும் சொன்னதோடு சரி.

"தம்பி இல்லை என்று எழுதிக் கொடுத்துவிடுங்கள், நாற்பது ஆண்டாக வராதவர் இனியா வரப்போகிறார்?" என்று அறிவுரை கூறியவர்களும் இருந்தார்களாம். அதற்கு அந்த அம்மா நம்மிடம் சொன்ன மறுமொழி இது: "இருக்கிற தம்பியை இல்லைன்னு எப்படிச் சாமி கையெழுத்துப் போடுவேன்? நாளைக்கு அவன் வந்து வாசல்ல நின்னா, எந்த முகத்தோட கதவைத் திறப்பேன்?"

பேரன் மெல்லச் சொன்னான்: "ஃபாதர், எல்லாம் இப்ப ஆன்லைன்ல கிடைக்கும். நீங்க கொஞ்சம் உதவி பண்ணுங்க, கண்டுபிடிச்சிடலாம்."

ஐந்து மாற்றம் கண்ட ஊர்

திருத்தணியில் ஒருவரது பழைய பதிவைத் தேடுவது பிற ஊர்களைப் போல் எளிதன்று. இங்கே மனிதர்கள் இடம் பெயராமலே அவர்களது முகவரி பெயர்ந்திருக்கிறது. வட ஆர்க்காட்டோடு இருந்த இப்பகுதி, 1911ஆம் ஆண்டு சித்தூர் மாவட்டம் உருவானபோது அதனுள் சென்றது. 1953 அக்டோபர் 1 அன்று ஆந்திர மாநிலம் பிறந்தபோது சித்தூரோடு சேர்ந்து அங்கே போயிற்று. 1956 நவம்பர் 1 முதல் அம்மாநிலம் ஆந்திரப் பிரதேசம் ஆயிற்று. ம. பொ. சிவஞானம், மங்கலங்கிழார் முதலியோர் முன்னின்று நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தின் பயனாகவும், படாஸ்கர் பரிந்துரையின் வழி 1959ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட எல்லை மாற்றச் சட்டத்தின்படியும், 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணி சென்னை மாநிலத்தோடு இணைந்து செங்கற்பட்டு மாவட்டத்தில் சேர்ந்தது. 1997ஆம் ஆண்டில் திருவள்ளூர் மாவட்டம் தனியே பிரிந்தபோது ஐந்தாவது மாற்றமும் நிகழ்ந்தது.

ஆகவே இவ்வூர்ப் பெரியவர் ஒருவர், பிறந்த வீட்டிலேயே வாழ்நாள் முழுவதையும் கழித்திருந்தாலும், அவரது பிறப்பு ஒரு மாநிலத்தின் ஏட்டிலும், இறப்பு மற்றொரு மாநிலத்தின் ஏட்டிலும் பதிவாகியிருக்கக்கூடும். ஏட்டின் மொழியும் மாறும். தமிழ்ப் பெயர் தெலுங்கில் எழுதப்பட்டு, பின் ஆங்கிலத்துக்குப் போய், மீண்டும் தமிழுக்குத் திரும்பும்போது அதன் உருவம் பெற்ற தாய்க்கே அடையாளம் தெரியாது!

எழுதப்பட்டது எல்லாம் பிழையற்றது என்றும் எண்ண வேண்டாம். இம்மண்ணில் பிறந்து குடியரசுத் தலைவராக உயர்ந்த டாக்டர் சர்வபள்ளி இராதாகிருஷ்ணனின் பிறந்த நாளை 1888 செப்டம்பர் 5 என்று ஏடுகள் கூறுகின்றன. நாடும் அந்நாளை ஆசிரியர் நாளாகக் கொண்டாடுகிறது. ஆயினும் அவர் உண்மையில் பிறந்தது 1887 செப்டம்பர் 20 என்றே அவர் நம்பினார் என்று, அவருடைய மகனும் வரலாற்றாசிரியருமான சர்வபள்ளி கோபால் தாம் எழுதிய வாழ்க்கை வரலாற்றில் குறித்திருக்கிறார். அத்தகைய பெருமகனுக்கே இந்நிலை எனில், நெசவாளர் வீட்டுப் பிள்ளையின் பதிவைப் பற்றிக் கேட்க வேண்டுமா?

திரையில் கிடைத்தவை

பேரன் கணினியின் முன் அமர்ந்தான். நாம் அருகில் அமர்ந்தோம். இந்தத் தேடல் பிற குடும்பங்களுக்கும் பயன்படும் என்பதால், செய்ததை வரிசையாகச் சொல்கிறோம்.

முதலில் நிலம். தமிழக அரசின் மின்சேவை இணையதளத்தில் மாவட்டம், வட்டம், கிராமம், புல எண் ஆகியவற்றைக் கொடுத்தால் பட்டா, சிட்டா, அ-பதிவேடு ஆகியவற்றைக் காணலாம். பட்டா தந்தையின் பெயரிலேயே இருப்பது உறுதியாயிற்று. அடுத்து, பதிவுத்துறையின் இணையதளத்தில் வில்லங்கம் பார்த்தோம். 1975 முதலான பதிவுகளைக் கட்டணமின்றி அங்கே பார்வையிடலாம். அதற்கு முற்பட்டவற்றுக்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் விண்ணப்பிக்க வேண்டும். அந்நிலத்தின்மீது விற்பனையோ அடமானமோ எதுவும் பதிவாகவில்லை. எல்லைக்கு அப்பால் நிலம் உள்ளவர்கள் ஆந்திர அரசின் 'மீபூமி' இணையதளத்தில் அடங்கல் முதலியவற்றைக் காணலாம். ஒரு தலைமுறைக்கு முன்பு தாலுகா அலுவலக வராந்தாவில் பல நாள் காத்திருந்து பெற்றதை, ஒரு மணி நேரத்தில் வீட்டிலிருந்தே பெற்றோம். இது ஏழைகளுக்கு வாய்த்த பெருநன்மை என்பதில் ஐயமில்லை.

அடுத்து ஆளைத் தேட வேண்டும். வாக்காளர் பட்டியல் நினைவுக்கு வந்தது. 2025 நவம்பர் 4 அன்று தமிழகத்தில் வாக்காளர் பட்டியலின் சிறப்புத் தீவிரத் திருத்தம் தொடங்கியபோது, 2002, 2005ஆம் ஆண்டுகளின் பழைய பட்டியல்களில் தம் பெயரையோ பெற்றோரின் பெயரையோ தேடாத குடும்பம் இல்லை எனலாம். நம் பங்கு இல்லத்துத் திண்ணையிலும் அந்நாள்களில் இளைஞர்கள் கைப்பேசியோடு அமர்ந்து முதியோருக்குத் தேடிக் கொடுத்தார்கள். இறந்துபோன கணவரின் பெயரைத் திரையில் கண்டு கண் கலங்கிய தாய்மாரும் உண்டு. பெயர், உறவினர் பெயர், வயது, மாநிலம் ஆகியவற்றைக் கொடுத்தால் தேர்தல் ஆணையத்தின் இணையதளம் வாக்குச்சாவடியையும் வரிசை எண்ணையும் காட்டும். பட்டியலைத் திறந்தால் வீட்டு எண்ணும் வயதும் தெரியும்.

ஆனால் தம்பியாரின் பெயரைக் கொடுத்தபோது ஒன்றும் பொருந்தவில்லை. ஒரே பெயருடையோர் பலர் வந்தனர். தந்தை பெயர் ஒத்துவந்தால் வயது ஒத்துவரவில்லை. பேரன் சோர்ந்துபோனான்.

ஓரக் குறிப்பு

அப்போதுதான் அந்த அம்மா ஒன்றைச் சொன்னார். நாம் தேடியது வீட்டில் வழங்கிய பெயர். திருமுழுக்கின்போது இட்ட பெயர் வேறு. பங்கின் இரும்புப் பெட்டியைத் திறந்து, பழைய திருமுழுக்குப் பதிவேட்டை எடுத்தோம். மை பழுப்பேறிய பக்கத்தில் அவருடைய பெயர் இருந்தது. பெற்றோர், ஞானப் பெற்றோர் பெயர்கள் இருந்தன. பக்கத்தின் ஓரத்தில், வேறொருவர் கையெழுத்தில், இரண்டு வரிகள்: 1991ஆம் ஆண்டில் சித்தூர் மாவட்டத்துப் பங்கு ஒன்றில் இவருக்குத் திருமணம் நிறைவேறியது.

இது தற்செயலாக எழுதப்பட்டதன்று. 1563ஆம் ஆண்டு திரிதெந்தீன் பொதுச்சங்கம் திருமணங்களைப் பதிவேட்டில் எழுதி வைக்குமாறு பங்குத்தந்தையர்க்குக் கட்டளையிட்டது. 1983ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டத் தொகுப்போ, திருமணம் வேற்றூரில் நடந்தால் அங்குள்ள பங்குத்தந்தை அதனைத் திருமுழுக்குப் பெற்ற பங்குக்குத் தெரிவிக்க வேண்டும் என்றும், அச்செய்தியைத் திருமுழுக்குப் பதிவேட்டில் குறிக்க வேண்டும் என்றும் கூறுகிறது. நமக்கு முன்பு இங்கே பணியாற்றிய யாரோ ஒரு பங்குத்தந்தை, அஞ்சலில் வந்த சிறு தாளைப் புறக்கணியாது ஓரத்தில் எழுதி வைத்திருந்தார். வீட்டார் கண்ணுக்கு நாற்பதாண்டு மறைந்திருந்தவரின் தடம், கோயிலின் ஏட்டில் முப்பது ஆண்டுகளுக்கு மேலாகக் காத்திருந்தது.

ஊரும் உண்மைப் பெயரும் தெரிந்துவிட்டன. பிறகு பேரனுக்கு அரைமணி நேரம் போதுமானதாயிருந்தது. அவ்வூர் வாக்காளர் பட்டியலில் பெயர், தந்தை பெயர், வயது மூன்றும் பொருந்தின. வீட்டு எண் கிடைத்தது. அதோடு அவன் நிற்கவில்லை. சமூக வலைத்தளமொன்றில் அப்பெயரைத் தேடி, விசைத்தறிக் கூடம் ஒன்றின் முன் குடும்பத்தோடு நிற்கும் ஒருவரின் படத்தைக் கண்டுபிடித்தான். பாட்டி கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தார். "எங்க அப்பாவே நிக்கிற மாதிரி இருக்கு" என்றார். கூடத்தின் பெயர்ப்பலகையில் கைப்பேசி எண் தெளிவாகத் தெரிந்தது.

பேரனின் விரல் அந்த எண்ணை அழுத்தப் போயிற்று. "இருப்பா" என்று தடுத்தோம்.

நாம் செய்த பிழை

ஏன் தடுத்தோம் என்று அவன் கண்களாலேயே கேட்டான். அவனுக்குச் சொன்னதை இங்கும் சொல்கிறோம். சொல்ல நாணமாகவே இருக்கிறது.

ஏறத்தாழ இருபது ஆண்டுகளுக்கு முன், வேறொரு பங்கில் நாம் பணியாற்றியபோது, நன்றாக உடுத்திய ஒருவர் கையில் திருமண அழைப்பிதழ்களோடு வந்தார். நம் பங்குப் பெண் ஒருவரின் பெயரைச் சொல்லி, தாம் அவருக்குத் தாய்வழி உறவு என்றும், அழைப்பு வைக்க வேண்டும் என்றும், இப்போது எங்கே வேலை பார்க்கிறார் என்று தெரிந்தால் நல்லது என்றும் பணிவாகக் கேட்டார். அப்பெண்ணுக்கு நற்சான்று எழுதிக் கொடுத்தவர் நாமே. அவர் எந்த ஊரில் எந்த விடுதியில் தங்கியிருக்கிறார் என்பதும் நமக்குத் தெரியும். இருமுறை எண்ணாமல் சொல்லிவிட்டோம்.

அவர் உறவினர் அல்லர். எந்த மனிதரின் அடிக்கும் மிரட்டலுக்கும் அஞ்சி அப்பெண் ஊரைவிட்டுச் சென்றாரோ, அந்த மனிதரே அவர். இரண்டு நாள் கழித்து விடுதி வாயிலில் போய் நின்றார். கடவுள் அருளால் உயிருக்குத் தீங்கு நேரவில்லை. ஆனால் அப்பெண் அரிதின் முயன்று பெற்ற வேலையை விட்டு, இரண்டாம் முறையும் ஓட வேண்டியதாயிற்று. பின்னொரு நாள் நம்மைச் சந்தித்தபோது அவர் கோபித்துக்கொள்ளவில்லை. "உங்களுக்குத் தெரியாது சாமி" என்று மட்டும் சொன்னார். கோபித்திருந்தால் இத்தனை ஆண்டு அது நம் நெஞ்சில் தைத்திருக்காது.

தெரியாதுதான். ஆனால் கேட்டிருக்கலாமே! "உங்கள் பெயரையும் எண்ணையும் தந்து செல்லுங்கள், அவரிடம் சேர்ப்பிக்கிறோம், விரும்பினால் அவரே பேசுவார்" என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் போதுமே! நல்ல உறவினராயிருந்தால் மகிழ்ந்து ஒப்புக்கொண்டிருப்பார். தீய எண்ணம் உடையவராயின் அப்போதே முகம் மாறியிருக்கும்.

அன்று முதல் நாம் ஒரு நெறியைக் கைக்கொண்டோம். எவரது முகவரியையும் எவருக்கும் நேரே தருவதில்லை. கேட்பவரின் முகவரியை வாங்கி, கேட்கப்படுபவரிடம் சேர்ப்பிக்கிறோம். பேரனிடம் இதைச் சொன்னோம். "உன் சின்னத் தாத்தா ஏன் போனார் என்பது உன் பாட்டிக்குத் தெரிந்த அளவுதான் நமக்கும் தெரியும். அவர் மனத்தில் என்ன இருக்கிறதோ? அவர் மனைவிக்கும் மக்களுக்கும் இப்படியோர் அக்காள் இருப்பதே தெரியுமோ, தெரியாதோ? திடீரென மணியடித்து, 'நிலத்துக்குக் கையெழுத்து வேண்டும்' என்றால், நாற்பது ஆண்டுக்குப் பின் உங்கள் வீட்டிலிருந்து அவர் கேட்கும் முதல் சொல் அதுவாக இருக்கலாமா?"

பையன் கைப்பேசியைக் கீழே வைத்தான். பாட்டி ஒன்றும் பேசவில்லை. முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

சட்டம் எங்கே நிற்கிறது?

'பொதுவில் கிடைப்பதைத்தானே எடுக்கிறோம், இதில் தவறென்ன?' என்று கேட்போர் உண்டு. அக்கேள்வியைப் புறந்தள்ளலாகாது. பொதுப் பதிவுகள் திறந்திருப்பது மக்களாட்சிக்கு இன்றியமையாதது. நாடு முழுமைக்கும் 2005ஆம் ஆண்டில் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வருமுன்னரே, 1997ஆம் ஆண்டில் தமிழகம் தனக்கென அத்தகைய சட்டம் இயற்றிய பெருமையுடையது. நிலப் பதிவு மூடிக்கிடந்தால் ஏழையின் நிலம் களவு போகும். வாக்காளர் பட்டியல் மறைந்திருந்தால் கள்ள வாக்கு பெருகும்.

எனினும் திறந்து வைத்த அதே சட்டங்கள், சில இடங்களில் திரையிட்டும் வைத்தன. 1969ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின்படி எவரும் பதிவேட்டின் நகலைக் கேட்டுப் பெறலாம். ஆனால் ஒருவர் எக்காரணத்தால் இறந்தார் என்பதை மட்டும் அந்நகலில் வெளியிடலாகாது. மறைந்தவரின் மானத்துக்கும் அவர் குடும்பத்தின் துயரத்துக்கும் காட்டப்பட்ட மரியாதை அது. வாக்காளர் பட்டியலை எளிதில் தேடக்கூடிய எழுத்துக்கோப்பாகத் தர வேண்டுமென்ற கோரிக்கையை 2018ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. இயந்திரங்களால் கோடிக்கணக்கான பெயர்களை மொத்தமாக வாரிச் செல்ல இயலாதவாறு, பட்டியல் படவடிவிலேயே வெளியிடப்பட்டது.

2017 ஆகஸ்ட் 24 அன்று, நீதிபதி புட்டசாமி தொடுத்த வழக்கில், ஒன்பது நீதிபதிகள் அடங்கிய உச்ச நீதிமன்ற அமர்வு, தனிமனித அந்தரங்கம் அடிப்படை உரிமையே என்று ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. அதன் வழியில் 2023ஆம் ஆண்டில் மின்வழித் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டு, 2025 நவம்பரில் அதன் விதிகளும் வெளியாகிப் படிப்படியாக நடைமுறைக்கு வருகின்றன. இச்சட்டத்தால் தகவல் அறியும் உரிமை சுருங்கிவிட்டதென்று குறை கூறுவோரும் உளர். அவ்விவாதத்தில் நாம் இறங்கவில்லை. குடும்பங்கள் அறிய வேண்டியது ஒன்றுண்டு: ஒருவர் தாமே பொதுவில் வெளியிட்ட செய்தியையும், சட்டப்படி வெளியிடப்பட்ட செய்தியையும் இச்சட்டம் தன் எல்லைக்குள் கொண்டுவரவில்லை. அதாவது, பெயர்ப்பலகையில் உள்ள எண்ணை எடுத்தால் இச்சட்டம் தடுக்காது. அந்த இடத்தில் நம்மைத் தடுக்கவேண்டியது நம் மனச்சான்றே.

பதிவுகள் மறப்பதில்லை என்பதும் ஒரு துயரம். குற்றவழக்கிலிருந்து விடுதலை பெற்ற ஒருவர், இணையத்தில் தம் பெயரைத் தேடினால் பழைய வழக்கே முன்வந்து நிற்கிறதென்று சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினார். 2021ஆம் ஆண்டில் தனி நீதிபதி, இதற்கெனச் சட்டம் வராத நிலையில் பெயரை நீக்க ஆணையிட இயலாதென்றார். 2024 பிப்ரவரியில் இரு நீதிபதிகள் அமர்வு அவருக்குச் சார்பாக ஆணையிட்டது. அதே ஆண்டு ஜூலையில் உச்ச நீதிமன்றம் அவ்வாணையை நிறுத்தி வைத்தது. கற்றறிந்த நீதிபதிகளுக்கே எளிதில் முடிவு காண இயலாத இந்தச் சிக்கலை, நம் வீடுகளில் ஒரு நொடியில் 'தீர்த்து' விடுகிறோம். மகளுக்கு வரன் வந்தவுடன் மாப்பிள்ளையின் பெயரை நீதிமன்றங்களின் இணையதளத்தில் தேடுகிறோம். தேடுவது தவறன்று, பெற்றோரின் கடமையும் ஆகலாம். ஆனால் பெயர் ஒத்தவுடன் ஆளும் ஒத்துவிட்டதாகக் கொண்டு, வழக்கு என்ன, முடிவு என்ன என்று கேளாமல், தெருவெல்லாம் சொல்லித் திரிவது பெரும் பாவம் அன்றோ? ஒருவரது நற்பெயருக்கு முறையின்றி ஊறு விளைவிக்கவோ அந்தரங்கத்தை மீறவோ யாருக்கும் உரிமையில்லை என்று திருச்சபைச் சட்டத் தொகுப்பின் 220ஆம் எண்ணும் வலியுறுத்துகிறது.

நம் இல்லங்களுக்குச் சில குறிப்புகள்

தேடும் தேவை எல்லாக் குடும்பங்களுக்கும் வரும். தேடப்படும் நிலையும் வரும். ஆகவே சில நடைமுறைகளைச் சொல்லி வைக்கிறோம்.

உங்கள் நிலத்தின் பட்டாவையும் வில்லங்கத்தையும் ஆண்டுக்கொருமுறையேனும் நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள். அதற்காக இடைத்தரகருக்குப் பணம் கொடுக்க வேண்டியதில்லை. அரசின் இணையதளங்களைப் போலவே தோற்றமளிக்கும் போலித்தளங்கள் உள்ளமையால், முகவரியைச் சரிபார்த்த பின்னரே எதையும் நிரப்புங்கள்.

ஆதார் எண்ணைக் கொடுத்து யாருடைய முகவரியையும் பெற முடியாது. அவ்வாறு பெற்றுத் தருவதாகச் சொல்பவர் ஏமாற்றுக்காரர். உங்கள் ஆதார் நகலைத் தரவேண்டிய இடங்களில், கடைசி நான்கு இலக்கங்கள் மட்டும் தெரியும் மறைக்கப்பட்ட ஆதாரைத் தரலாம்.

உங்கள் பெயர், தந்தை பெயர், வயது, ஊர் எல்லாம் சரியாகச் சொல்லி ஒருவர் தொலைபேசியில் பேசுவதால், அவர் காவல் அதிகாரியோ வங்கி அலுவலரோ ஆகிவிடமாட்டார். அச்செய்திகளெல்லாம் எங்கே கிடைக்கின்றன என்பதை மேலே கண்டோம். இதனை வீட்டு முதியோருக்குத் தெளிவாகச் சொல்லுங்கள். 'டிஜிட்டல் கைது' என்றொரு நடைமுறை நம் சட்டத்தில் இல்லை. பணம் பறிபோனால் தாமதியாமல் 1930 என்ற எண்ணை அழையுங்கள்.

குழந்தையைக் காணவில்லை என்றால் இணையத்தில் தேடிப் பொழுதைப் போக்காதீர்கள். காவல் நிலையத்துக்கும் 1098 என்ற எண்ணுக்கும் உடனே தெரிவியுங்கள். குழந்தை கிடைத்தபின் அதன் படத்தையும் பெற்றோரின் எண்ணையும் பரப்பிக்கொண்டிருப்பதை நிறுத்துங்கள்.

விருப்பமில்லை என்று தெளிவாகக் காட்டிய பெண்ணைப் பின்தொடர்வதும், அவரது இணையப் பயன்பாட்டைக் கண்காணிப்பதும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 78ஆம் பிரிவின்படி குற்றம். நம் பிள்ளைகளுக்கு இதை நாமே சொல்லித் தரவேண்டும்.

நம் பங்குப் பதிவேட்டிலிருந்து தம்மைப் பற்றிய சான்றினைப் பெறுவது ஒவ்வொருவரின் உரிமை. பிறரைப் பற்றிய செய்தியைக் கேட்டால் நாம் தயங்குவோம். அத்தயக்கத்தைத் தவறாகக் கொள்ள வேண்டாம். உங்களைப் பற்றி மற்றொருவர் வந்து கேட்கும்போதும் அதே தயக்கம் உங்களைக் காக்கும்.

மூன்று வாரங்களுக்குப் பின்

அன்று அந்த அம்மா சொல்லச் சொல்லப் பேரன் ஒரு கடிதம் எழுதினான். நிலத்தைப் பற்றி முதலில் எழுத வேண்டாமென்று பாட்டியே சொல்லிவிட்டார். அப்பா கடைசி நாளில் தம்பியின் பெயரைச் சொல்லிக் கேட்டது, அம்மாவின் கல்லறைக்கு அருகிலேயே அப்பாவையும் அடக்கம் செய்தது, தமக்கு முழங்கால் வலி என்பது, இவை போன்றவற்றையே எழுதச் செய்தார். கடைசியில் ஒரு வரி: 'உன் பங்கு உனக்கு அப்படியே இருக்கிறது, பேச விருப்பமிருந்தால் மட்டும் பேசு.' அதனைச் சித்தூர் மாவட்டத்துப் பங்குத்தந்தைக்கு அனுப்பி, உரியவரிடம் தனியே கொடுக்குமாறும், அவர் விரும்பாவிடில் அம்முடிவை மதித்து நமக்கு எழுதுமாறும் வேண்டிக்கொண்டோம்.

முதல் வாரம் செய்தியில்லை. இரண்டாம் வாரமும் இல்லை. பேரன் நம்மைப் பார்க்கும்போதெல்லாம், 'அன்றே அழைத்திருக்கலாமே' என்பதுபோல் பார்த்தான். நமக்கும் உள்ளூர ஐயம் எழாமலில்லை.

மூன்றாம் வாரம் ஓர் உறை வந்தது. உள்ளே கோடிட்ட தாளில், நடுங்கும் எழுத்தில், தெலுங்கும் தமிழும் கலந்து சில வரிகள். கடிதம் கிடைத்ததாம். மனைவிக்கும் மக்களுக்கும் எதையும் சொல்லாமலே இத்தனை காலம் இருந்தாராம். அவர்களிடம் சொல்ல இந்த நாட்கள் தேவைப்பட்டனவாம். இப்போது அவர்களும் அக்காளைப் பார்க்க விரும்புகிறார்களாம். அடியில் ஒரு கைப்பேசி எண்.

பேரன் அந்த எண்ணைப் பார்த்தான். பெயர்ப்பலகையில் கண்ட அதே எண்தான். ஆயினும் இம்முறை அதை அவரே தம் கையால் எழுதித் தந்திருந்தார்.

நம் பங்கு இல்லத்து முற்றத்தில் அமர்ந்தே அந்த அம்மா பேசினார். என்ன பேசினார்கள் என்று நாம் கேட்கவில்லை. எழுந்து உள்ளே வந்துவிட்டோம். அடுத்த மாதம் அவர் குடும்பத்தோடு வந்து கல்லறைத் தோட்டத்தில் நெடுநேரம் நின்றுவிட்டுப் போனார். பட்டா மாற்றத்துக்கான விண்ணப்பத்தில் இன்று இருவரது கையெழுத்தும் இருக்கின்றன.

அன்புக்குரிய குடும்பத்தாரே, பிரிந்து போனவர் உங்கள் வீட்டிலும் ஒருவர் இருக்கக்கூடும். தேடுங்கள், தேடாமல் விடாதீர்கள். முகவரி கிடைத்தவுடன் வாசலில் போய் நின்றுவிடாமல், அவரை அறிந்த நல்லவர் ஒருவர் வழியாக முதலில் கேட்டனுப்புங்கள். மறுமொழி வரும்வரை காத்திருங்கள்.